பாஞ்சகனி பாறையில் பூக்கும் அரிய ஆர்க்கிட்: அதற்குப் பெயர் வைத்த பாதிரியார் சாண்டபாவ் யார்?

திலக் நகரில் இருப்பவர்களுக்கு ஊருக்குக் கிளம்புவது பெரிய வேலையே இல்லை. பெட்டியை இழுத்துக்கொண்டு நடந்தாலே லோக்மான்ய திலக் டெர்மினஸ் வந்துவிடும். கோவைக்கோ சென்னைக்கோ ரயில் ஏறி, கல்யாண் தாண்டி, சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரிக்கும் நேரத்தில் கர்ஜத் வரும். அங்கே வண்டி கொஞ்ச நேரம் நிற்கும். பின்னால் கூடுதல் இன்ஜின்கள் வந்து சேரும்போது ஒரு குலுக்கல். அதற்குப் பிறகு ரயில் மூச்சு வாங்கிக்கொண்டே போர் காட் மலைப்பாதையில் ஏறும். கண்டாலா, லோனாவ்லா, அப்புறம் புனே.

நம்மில் பலர் அந்த நேரத்தில் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு தூங்கிவிடுவோம். ஆனால், அந்த இருட்டில் உங்கள் ஜன்னலுக்கு வெளியே இருக்கும் சரிவில் என்னென்ன செடி இருக்கிறது என்று ஒருவர் பல ஆண்டுகள் நடந்து நடந்து கணக்கெடுத்திருக்கிறார். பிறந்தது ஸ்பெயினில். வேலை பார்த்ததும் உயிரை விட்டதும் பம்பாயில். பெயர் ஹெர்மெனெகில்ட் சாண்டபாவ். கத்தோலிக்க இயேசு சபைப் பாதிரியார், தாவரவியல் பேராசிரியர், பிற்பாடு இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தின் தலைவர்.

இந்தக் கண்டாலா சரிவுகளிலிருந்து தெற்கே இன்னும் கொஞ்ச தூரம் போனால் பாஞ்சகனி. அங்கே கிடைக்கும் ஒரு அரிய தரை ஆர்க்கிட்டுக்கு அறிவியல் பெயர் வைத்த இருவரில் இவர் ஒருவர். ஒரு செடிக்குப் பெயர் வைப்பதால் அப்படி என்ன நடந்துவிடும்? ஐ.டி. கம்பெனியிலோ வங்கியிலோ வேலை பார்க்கும் நமக்கு அதனால் என்ன? வாங்க, பார்ப்போம்.

ஸ்பெயினிலிருந்து பம்பாய்க்கு எப்படி வந்தார்?

சாண்டபாவ் பிறந்தது 1903 டிசம்பர் 5-ஆம் தேதி, ஸ்பெயினின் கட்டலோனியாவில் தாராகோனா மாகாணத்தைச் சேர்ந்த லா கலேரா என்ற ஊரில். இளம் வயதிலேயே இயேசு சபையில் சேர்ந்தார். 1928-ல் இந்தியா வந்தார்.

ஏன் இந்தியா, அதிலும் ஏன் பம்பாய்? இதற்கு முதல் உலகப் போர் வரை பின்னால் போக வேண்டும். பம்பாயில் இயேசு சபையின் பள்ளிகளையும் கல்லூரிகளையும் அதுவரை நடத்தியவர்களில் பெரும்பாலோர் ஜெர்மன் பாதிரியார்கள். போர் வந்ததும் பிரிட்டிஷ் அரசுக்கு அவர்கள் எதிரி நாட்டுக்காரர்கள் ஆகிவிட்டார்கள். அவர்கள் வெளியேற, அந்த இடத்தை நிரப்ப 1920-களில் ஸ்பெயினிலிருந்து ஆட்கள் வரத் தொடங்கினார்கள்.

அந்த வரிசையில் வந்த இன்னொருவரைத் தமிழர்களாகிய உங்களில் சிலர் கேள்விப்பட்டிருக்கலாம். ஹென்றி ஹேரஸ். பார்சிலோனாவில் பிறந்து, பம்பாய் செயின்ட் சேவியர்ஸ் கல்லூரியில் வரலாறு சொல்லிக்கொடுத்தவர். சிந்துவெளி எழுத்துகளில் இருப்பது ஒரு திராவிட மொழிதான் என்று வாதாடிய ஆரம்பகால ஆய்வாளர்களில் முக்கியமானவர். ஹேரஸ் முத்திரைகளைப் படித்த அதே கல்லூரியில்தான் சாண்டபாவ் இலைகளைப் படித்தார்.

1930-களின் இறுதியில் அவர் லண்டனில் இருந்தார். அங்கே கியூ தாவரவியல் பூங்காவில் வேலை பார்த்தார். கியூ என்றால் சும்மா ஒரு பூங்கா இல்லை. பிரிட்டிஷ் பேரரசின் மூலைமுடுக்கிலிருந்து வந்த உலர்ந்த செடிகள் லட்சக்கணக்கில் அடுக்கி வைக்கப்பட்டிருக்கும் இடம் அது. இந்தியச் செடி ஒன்றை அடையாளம் காண வேண்டுமென்றால், அந்தக் காலத்தில் பலமுறை கியூவிடம்தான் போய் நிற்க வேண்டும். அந்தப் பயிற்சியோடு 1940-ல் பம்பாய் திரும்பி, செயின்ட் சேவியர்ஸ் கல்லூரியில் தாவரவியல் பேராசிரியர் ஆனார். நாடு சுதந்திரம் அடைந்த பிறகு இந்தியக் குடியுரிமையும் பெற்றார். வந்த ஊரையே சொந்த ஊராக்கிக்கொண்டவர் என்பதால், மும்பைத் தமிழர்களுக்கு இந்தக் கதை ஒன்றும் புதிதாகத் தெரியாது.

ஹெர்பேரியம்: செடிகளுக்கு ஒரு ஆதார் அலுவலகம்

ஹார்பர் லைனில் ஏறி சி.எஸ்.எம்.டி.யில் இறங்கினால், செயின்ட் சேவியர்ஸ் கல்லூரி நடக்கும் தூரம்தான். 1869-ல் தொடங்கிய கல்லூரி. அந்தக் கட்டடத்துக்குள்தான் பிளாட்டர் ஹெர்பேரியம் இருக்கிறது. சுவிட்சர்லாந்தில் பிறந்த இயேசு சபைப் பாதிரியார் எதெல்பெர்ட் பிளாட்டர் உருவாக்கியது. அவர் 1934-ல் காலமான பிறகு அவர் பெயரையே வைத்தார்கள். பிற்காலத்தில் இதன் பொறுப்பு சாண்டபாவ் கைக்கு வந்தது.

ஹெர்பேரியம் என்றால் என்ன? காட்டில் ஒரு செடியைப் பூவோடு எடுக்கிறீர்கள். பழைய செய்தித்தாள்களுக்கு நடுவில் வைத்து, அழுத்தி, ஈரம் போகக் காயவைக்கிறீர்கள். பிறகு கெட்டியான தாளில் ஒட்டுகிறீர்கள். ஓரத்தில் ஒரு சீட்டு: எந்த இடம், எந்தத் தேதி, யார் எடுத்தது, என்ன எண். அவ்வளவுதான். பார்க்க ரொம்ப சாதாரணமாக இருக்கும். ஆனால் அந்தத் தாள் நூறு வருடம் கழித்தும் பேசும். இந்த இடத்தில், இந்தத் தேதியில், இந்தச் செடி இருந்தது என்பதற்கு மறுக்க முடியாத சாட்சி அது.

புதிதாக ஒரு இனத்துக்குப் பெயர் வைக்கும்போது, அந்தப் பெயர் ஒரு குறிப்பிட்ட உலர்ந்த மாதிரியோடு கட்டப்படும். அதற்கு வகை மாதிரி என்று பெயர். பின்னாளில் சந்தேகம் வந்தால், உலகத்தில் யாராக இருந்தாலும் அந்த மாதிரியை எடுத்து ஒப்பிட்டுப் பார்த்துத்தான் முடிவு சொல்ல வேண்டும். உங்கள் கம்பெனியில் எல்லோரும் ஒரே மூலக்கோப்பை வைத்துச் சரிபார்ப்பது மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

பிளாட்டரிடம் லட்சக்கணக்கான ரூபாய் நிதி கிடையாது. சாண்டபாவிடமும் கிடையாது. இருந்தது இரண்டு கால்கள், மாணவர்கள், மழைக்காலம்.

கண்டாலாவில் என்ன செய்தார்?

1940-களில் சாண்டபாவ் திரும்பத் திரும்பப் போன இடம் கண்டாலா. ஒரு தடவை போய்விட்டு, படம் எடுத்துவிட்டுத் திரும்புகிற சமாச்சாரம் இல்லை. ஒரே மலையை எல்லாப் பருவத்திலும் பார்க்க வேண்டும். ஏனென்றால் ஜூனில் தலைகாட்டும் செடி அக்டோபரில் இருக்காது. பிப்ரவரியில் மரக்கிளையில் வெள்ளையாகப் பூக்கும் டெண்ட்ரோபியம் ஆர்க்கிட்டை மழைக்காலத்தில் தேடினால் பூவே கிடைக்காது. ஒரு இடத்தின் தாவரப் பட்டியல் என்பது ஒரு புகைப்படம் இல்லை, பல வருட வருகைப் பதிவேடு.

அந்த உழைப்பு 1953-ல் கண்டாலாவின் தாவரங்கள் பற்றிய நூலாக வந்தது. அதை அவர் அப்படியே விட்டுவிடவில்லை. திருத்தித் திருத்தி, 1967-ல் மூன்றாம் பதிப்பு வரை கொண்டுவந்தார். இடையில் புனே அருகே உள்ள புரந்தர் மலை, குஜராத்தின் சௌராஷ்டிரா என்று மற்ற இடங்களின் தாவரங்களையும் பதிவு செய்தார்.

நம்ம ஊர் குறிஞ்சிக்கு இங்கே ஒரு சொந்தக்காரி உண்டு. மராத்தியில் கார்வி. நீலகிரியிலும் கொடைக்கானலிலும் குறிஞ்சி 12 ஆண்டுக்கு ஒருமுறை மலையையே நீலமாக்குவது போல, சஹ்யாத்ரியில் கார்வி ஏறத்தாழ ஏழு ஆண்டுக்கு ஒருமுறை கூட்டமாகப் பூக்கும். கார்வியும் குறிஞ்சியும் சேர்ந்த குடும்பத்தைப் பற்றி 1951-ல் தனி நூலே எழுதியவர் சாண்டபாவ். இந்தக் கூட்டப் பூப்பு பற்றியும் அவர் எழுதியிருக்கிறார். பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் ஆய்விதழில், பறவை ஆய்வாளர் சாலிம் அலியோடு ஆசிரியர் பொறுப்பிலும் இருந்தார்.

பாஞ்சகனி ஆர்க்கிட் எங்கே வருகிறது?

1950-களில் சாண்டபாவ் தன்னோடு கபாடியா என்ற ஆய்வாளரைச் சேர்த்துக்கொண்டு ஒரு பெரிய வேலையைத் தொடங்கினார். பம்பாய் மாகாணத்தின் ஆர்க்கிட்டுகள் எல்லாவற்றையும் மறுபடி பரிசோதிப்பது.

ஏன் மறுபடி? பெயர்க் குழப்பம்தான் காரணம். நூறு வருடத்தில் பல ஐரோப்பியர்கள் பல ஊர்களில் எடுத்த செடிகளுக்குப் பெயர் வைத்திருந்தார்கள். ஒரே செடிக்கு இரண்டு மூன்று பெயர் இருக்கும். இரண்டு வேறு வேறு செடிகள் ஒரே பெயரில் ஒளிந்திருக்கும். இதைச் சரிசெய்ய, ஒவ்வொரு பூவையும் பிரித்து, ஒவ்வொரு இதழின் நீளத்தையும் வடிவத்தையும் அளந்து, பழைய மாதிரிகளோடு ஒப்பிட வேண்டும். பொறுமை இல்லாதவர்களுக்கு ஆகாத வேலை.

அந்தச் சல்லடையில் சிக்கியதுதான் இது. முன்பு யாரும் தனி இனமாக விவரிக்காத ஒரு தரை ஆர்க்கிட். 1957-ல் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழக ஆய்விதழில் இருவரும் அதை விவரித்து, ஹேபனேரியா பாஞ்சகனியென்சிஸ் என்று பெயர் வைத்தார்கள். பாஞ்சகனியைச் சேர்ந்தது என்று அர்த்தம். அந்தக் காலத்தில் புதுச் செடிக்கு ஆளுநர் பெயரையோ நண்பர் பெயரையோ வைப்பது சர்வசாதாரணம். இவர்கள் வைத்தது ஊரின் பெயர். அதனால் செடியின் பெயரிலேயே அதன் முகவரியும் வந்துவிட்டது. மேற்குத் தொடர்ச்சி மலையின் வடபகுதிக்கே உரிய அரிய இனம் இது.

இந்தத் தொடர் ஆய்வு 1966-ல் பம்பாய் ஆர்க்கிட்டுகள் பற்றிய முழு நூலாக வெளிவந்தது. இந்திய அரசே அச்சிட்ட நூல். மகாராஷ்டிராவில் ஆர்க்கிட் பற்றி யார் வேலை தொடங்கினாலும் இன்றும் அந்த நூலைப் புரட்டாமல் இருக்க முடியாது.

மண்ணே இல்லாத பாறையில் எப்படி வாழ்கிறது?

ஆர்க்கிட் என்றவுடன் உங்களுக்கு என்ன நினைவு வரும்? கல்யாண மேடையில், ஹோட்டல் வரவேற்பறையில் வைக்கும் ஊதாப் பூ. ஹேபனேரியா அந்த மாதிரி இல்லை. கவனிக்காமல் நடந்தால் மிதித்துவிட்டுப் போய்விடுவீர்கள். மண்ணுக்கு அடியில் ஒரு சின்னக் கிழங்கு. மேலே சில இலைகள், நடுவில் ஒரு பூத்தண்டு. பூக்கள் சிறியவை.

பாஞ்சகனி சுமார் 1,300 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஊருக்கு மேலே தட்டையாக ஒரு பெரிய மேடை. டேபிள் லேண்ட் என்று சொல்வார்கள். சினிமாப் படப்பிடிப்பு, குதிரைச் சவாரி என்று நீங்கள் பார்த்திருப்பீர்கள். கீழே எரிமலைக் குழம்பு உறைந்த கரும்பாறை. மேலே இரும்பும் அலுமினியமும் செறிந்த செம்புரைக்கல் ஓடு. பல லட்சம் வருட மழையும் வெயிலும் சேர்ந்து செய்த ஓடு அது.

இந்த ஓட்டில் மரத்தின் வேர் இறங்க முடியாது. மண் என்று பார்த்தால், குழிகளிலும் வெடிப்புகளிலும் கொஞ்சம் கொஞ்சம் மட்டும். மழை நான்கு மாதம் கொட்டும்போது பாறை முழுக்க ஊறி, ஆங்காங்கே குட்டை கட்டும். மீதி எட்டு மாதம் தோசைக்கல் மாதிரி காயும். இந்த இரண்டையும் தாங்குகிற செடி மட்டும்தான் இங்கே பிழைக்கும்.

ஹேபனேரியாவின் உத்தி எளிமையானது: தூங்குவது. வறண்ட மாதங்களில் மேலே எதுவும் இருக்காது. சாப்பாடும் தண்ணீரும் சேர்த்துவைத்த கிழங்கு மட்டும் மண்ணுக்குள் கிடக்கும். மழை வந்ததும் இலை விடும், பூக்கும், விதை போடும், மறுபடி கிழங்குக்குள் ஒடுங்கும். சஹ்யாத்ரியில் முதல் மழைக்கே எழுந்துவிடும் ஒரு ஹேபனேரியா உண்டு. தரையோடு ஒட்டிய ஒற்றை இலை, வெள்ளைப் பூ. மராத்தியில் ஆர்க்கிட்டுக்கு ஆம்ரி என்று பெயர். ஒற்றை இலைக்காரி என்பதால் இதை ஏக்பானி ஆம்ரி என்பார்கள்.

அடுத்தது பூவுக்கும் பூச்சிக்கும் உள்ள ஒப்பந்தம். ஹேபனேரியாப் பூவின் பின்னால் மெல்லிய குழாய் ஒன்று தொங்கும். அடியில் தேன். அதை எட்ட நீளமான உறிஞ்சுகுழல் வேண்டும். இந்தப் பேரினத்தில் பலவற்றுக்கு அந்த விருந்தாளி இரவில் வரும் அந்துப்பூச்சி. தேன் குடிக்கத் தலையை நுழைக்கும்போது மகரந்தம் பொடியாக உதிராமல், ஒரு சின்னப் பொட்டலமாக அதன் முகத்தில் ஒட்டிக்கொள்ளும். அடுத்த பூவுக்குப் போகும்போது பார்சல் டெலிவரி.

விதையோ தூசு மாதிரி. ஒரு காயில் ஆயிரக்கணக்கில் இருக்கும். ஆனால் நெல்லுக்கும் பயறுக்கும் இருப்பது போல உள்ளே கட்டுச்சோறு கிடையாது. விழுந்த இடத்தில் சரியான பூஞ்சை இருந்தால், அது ஊட்டி வளர்க்கும். இல்லையென்றால் முளைக்காது.

ஆகவே இந்த ஆர்க்கிட் தனி ஆள் இல்லை. பாறை, மழை, பூஞ்சை, அந்துப்பூச்சி நான்கும் சேர்ந்த குடும்பம். கிழங்கைத் தோண்டி, டப்பாவில் போட்டு, செம்பூர் பால்கனியில் வைத்தால் அந்தக் குடும்பத்தில் முக்கால்வாசி மலையிலேயே தங்கிவிடும்.

பெயர் வைத்தால் என்ன லாபம்?

இப்போது முதல் கேள்விக்கு வருவோம். நிலம் பற்றிய அரசு ஆவணங்களில் இப்படிப்பட்ட பாறை மேடுகள் பெரும்பாலும் தரிசு என்ற கணக்கில்தான் வந்திருக்கின்றன. மரம் இல்லை, பயிர் இல்லை, ஆகவே ஒன்றும் இல்லை என்ற பார்வை. மகாராஷ்டிராவில் சில செம்புரைக்கல் மேடுகளில் காற்றாலைகள் வந்தன. கோலாப்பூர் பக்கம் பாக்சைட் தோண்டினார்கள். மலைவாசஸ்தலங்களில் ரிசார்ட்டுகள்.

ஒரு திட்டம் வரும்போது, சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீடு செய்ய வேண்டும். அந்த அறிக்கையில், இங்கே என்ன உயிர்கள் இருக்கின்றன என்று ஒரு பட்டியல் வரும். பெயர் இல்லாத செடியை அந்தப் பட்டியலில் எப்படி எழுதுவீர்கள்? நீதிமன்றத்தில் எதைக் காட்டி வாதாடுவீர்கள்? பெயர் இல்லாத ஒன்று காகிதத்தில் இல்லை. காகிதத்தில் இல்லாத ஒன்றை அழித்ததாக யார் மீதும் குற்றம் சொல்ல முடியாது. ரேஷன் கார்டு இல்லாமல் நகரத்தில் வாழ்ந்த பழைய தாராவிக் குடும்பங்களைக் கேட்டுப் பாருங்கள், இந்த நியாயம் உடனே புரியும்.

மகாபலேஷ்வர், பாஞ்சகனி பகுதியை மத்திய அரசு 2001-ல் சூழல் உணர்திறன் மண்டலமாக அறிவித்தது. சாத்தாரா அருகே உள்ள காஸ் பீடபூமி, 2012-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் மேற்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதியாகச் சேர்ந்தது. இந்த முடிவுகளுக்கு சாண்டபாவ் ஒருவர்தான் காரணம் என்று சொன்னால் அது மிகை. ஆனால் தரிசு என்று சொன்ன இடத்தில் இத்தனை செடி இருக்கிறது என்று காட்ட ஒரு பட்டியல் தேவைப்பட்டது. அந்தப் பட்டியலின் அடித்தளத்தில் அவரும் அவருக்கு முன்னும் பின்னும் வந்தவர்களும் எடுத்த உலர்ந்த மாதிரிகள் இருக்கின்றன.

ஜானகி அம்மாளுக்கு ஏன் வருத்தம்?

சாண்டபாவை எல்லோரும் கைதட்டி வரவேற்றார்கள் என்று நினைத்துவிட வேண்டாம்.

1890-ல் தொடங்கிய இந்தியத் தாவரவியல் ஆய்வகம் சுதந்திரம் வந்தபோது கிட்டத்தட்ட முடங்கிக் கிடந்தது. அதைச் சீரமைக்க 1951-ல் நேரு அழைத்தது ஜானகி அம்மாளை. தலச்சேரியில் பிறந்து, சென்னையில் படித்து, அமெரிக்காவின் மிச்சிகனில் 1931-ல் முனைவர் பட்டம் வாங்கி, பிறகு கோயம்புத்தூரில் கரும்பு ஆராய்ச்சி செய்தவர். புத்துயிர் பெற்ற ஆய்வகத்தில் 1954-ல் தலைமைத் தாவரவியலாளர் பொறுப்பு சாண்டபாவுக்குப் போனது. பிறகு இயக்குநராகவும் ஆனார். இது ஜானகி அம்மாளுக்குப் பெரிய மனவருத்தம்.

தனிப்பட்ட ஏமாற்றம் மட்டும் இல்லை அது. இந்தியச் செடிகளை இந்தியர்கள், இந்திய மண்ணிலிருந்தே படிக்க வேண்டும் என்பது அவர் நிலைப்பாடு. நம் செடிகளின் மாதிரிகள் கியூவில் பூட்டிக் கிடக்க, பெயர் வைக்கும் அதிகாரமும் அங்கே இருந்தது அவரை உறுத்தியது. கியூவில் பயிற்சி பெற்ற ஒரு ஐரோப்பியரிடம் ஆய்வகம் போனபோது, பழைய ஆட்சியே திரும்பி வந்தது போல அவருக்குத் தோன்றியது.

இதில் யார் பக்கம் நியாயம்? ஜானகி அம்மாள் கேட்டது சரியான கேள்வி. உலகத் தரம் வாய்ந்த ஒரு இந்தியப் பெண் விஞ்ஞானி தன் நாட்டிலேயே ஓரங்கட்டப்பட்டது நியாயம் இல்லை. அதே சமயம், சாண்டபாவ் செய்த வேலையைப் பாருங்கள். அவர் காலூன்றி நின்ற ஹெர்பேரியம் பம்பாயில் இருந்தது. புது ஆர்க்கிட்டை அறிவித்தது பம்பாய் ஆய்விதழில். கூட நின்று பெயர் வைத்தவர் கபாடியா. ஜானகி அம்மாள் எதிர்பார்த்த திசையில்தான் அந்த வேலை போயிருக்கிறது, அவர் எதிர்பார்க்காத ஒருவர் கையால். இரண்டையும் சேர்த்துத்தான் நாம் படிக்க வேண்டும். இன்று பள்ளிப் பிள்ளைகளுக்கு ஜானகி அம்மாள் பெயர் தெரிகிறது. அது தாமதமாக வந்த நீதி.

தமிழ்நாட்டுக்கு இதில் என்ன பங்கு?

சீரமைப்பின் ஒரு பகுதியாக, ஆய்வகம் கல்கத்தாவை மட்டும் நம்பியிருக்காமல் நாடெங்கும் வட்டார மையங்களாகப் பிரிந்தது. 1955 அக்டோபரில் தெற்கு வட்டாரம் கோயம்புத்தூரில் தொடங்கியது. அதே ஆண்டு டிசம்பரில் மேற்கு வட்டாரம் புனேயில். மெட்ராஸ் ஹெர்பேரியம் என்ற பழைய தொகுப்பு இன்றும் கோவையில்தான் இருக்கிறது.

திருச்சியில் இன்னொரு கிளை. செயின்ட் ஜோசப் கல்லூரியில், அதே இயேசு சபையைச் சேர்ந்த கே.எம். மேத்யூ 1967-ல் ராபினாட் ஹெர்பேரியத்தைத் தொடங்கி, 1980-களின் தொடக்கத்தில் தமிழ்நாட்டுச் சமவெளியின் தாவரங்கள் பற்றிப் பெரிய தொகுதிகளை வெளியிட்டார். சேவியர்ஸில் பிளாட்டரும் சாண்டபாவும் செய்ததைப் போன்ற அதே பொறுமையான வேலை.

தெற்கில் பெயர் கிடைத்த இன்னொரு ஆர்க்கிட்டின் கதை நம்மை எச்சரிக்கவும் செய்கிறது. அகத்தியமலையில் மட்டும் வாழும் மஞ்சள் பூ, செருப்பு வடிவ உதடு. 1865-ல் கர்னல் ட்ரூரி கண்டெடுத்தார். 1874-ல் பெடோம் அவர் பெயராலேயே அறிவித்தார். பிறகு பல காலம் காணாமல் போனது என்றே நினைத்தார்கள். 1970-களில் மறுபடி கண்டுபிடித்ததும், சேகரிப்பாளர்கள் மலையேறி மூட்டையாக அள்ளினார்கள். இன்று அது அழிவின் விளிம்பில். பெயர் பாதுகாக்கும். முகவரி வெளியே போனால் அதே பெயர் காட்டியும் கொடுக்கும்.

கடைசி ஆண்டுகள்

சாண்டபாவ் 1967-ல் ஆய்வகப் பொறுப்பிலிருந்து ஓய்வு பெற்றார். அதே ஆண்டு இந்திய அரசு பத்மஸ்ரீ கொடுத்தது. அதற்கு முந்தைய ஆண்டுதான், ஆர்க்கிட் நூலோடு கூடவே, நேஷனல் புக் டிரஸ்டுக்காகச் சாதாரண மரங்களைப் பற்றிப் பொதுமக்களுக்கு ஒரு சின்னப் புத்தகமும் எழுதியிருந்தார். நிபுணர்களுக்கு ஒன்று, தெருவில் நடப்பவர்களுக்கு ஒன்று. 1970 ஜனவரி 13-ஆம் தேதி பம்பாயில் காலமானார். வயது 66.

இன்று இந்தியாவில் 1,256 ஆர்க்கிட் இனங்கள் இருப்பதாகத் தாவரவியல் ஆய்வகம் 2019-ல் வெளியிட்ட தொகுப்பு சொல்கிறது. அதில் 388 இனங்கள் இந்தியாவைத் தவிர வேறெங்கும் கிடையாது.

அடுத்த மழைக்கு நீங்கள் என்ன செய்யலாம்?

ஜூலை வந்தால் உங்கள் ஆபீஸ் குழுவில் யாராவது ஒருவர் ட்ரெக்கிங் போகலாம் என்று ஆரம்பிப்பார். கட்டாயம் போங்கள். போகும்போது நான்கு விஷயங்கள்.

பாறை மேட்டில் ஏற்கெனவே இருக்கும் தடத்திலேயே நடங்கள். ஓரமாக நடந்தால் என்ன ஆகிவிடும் என்று தோன்றும். ஆனால் அந்த இரண்டு விரல் ஆழ மண்தான் ஒரு கிழங்கின் முழு வீடு. காரை மேட்டின் மேல் ஏற்றாதீர்கள்.

பூவைப் பறிக்காதீர்கள். அந்தப் பூ விதையானால்தான் அடுத்த தலைமுறை.

படம் எடுங்கள், தாராளமாக. ஆனால் அரிய ஆர்க்கிட் என்று தெரிந்தால் இடத்தைத் துல்லியமாகப் போட்டு இன்ஸ்டாகிராமில் ஏற்றாதீர்கள். ஐநேச்சுரலிஸ்ட் போன்ற செயலிகளில் பதிவிட்டால், அழிவு ஆபத்தில் இருப்பதாகப் பட்டியலிடப்பட்ட இனங்களின் சரியான இருப்பிடத்தை அதுவே மறைத்துவிடும். சீட்டில் இடமும் தேதியும் எழுதி ஒட்டிய சாண்டபாவின் வேலையை, செடியைப் பிடுங்காமலேயே நீங்கள் இப்படித் தொடரலாம்.

காஸ் பீடபூமிக்குப் போவதாக இருந்தால் முன்பதிவு செய்துவிட்டுப் போங்கள். பூக்கும் காலத்தில் தினசரி வருவோர் எண்ணிக்கைக்கு அங்கே வரம்பு உண்டு.

ட்ரெக்கிங்குக்கு நேரமே இல்லையா? பரவாயில்லை. அடுத்த தடவை ஊருக்குப் போகும்போது, கர்ஜத்தில் அந்தக் குலுக்கல் வந்ததும் ஒரு நிமிடம் ஜன்னல் பக்கம் திரும்புங்கள். இருட்டில் ஒன்றும் தெரியாதுதான். மழைக்காலமாக இருந்தால், கண்டாலா சரிவில் எங்கேயோ ஒரு அந்துப்பூச்சி அந்த நேரத்தில் வேலையைத் தொடங்கியிருக்கும்.